இருளில் பிறந்த இரட்டையர்

சென்ற திங்கள் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை, என் பெயரனை அழைத்துக்கொண்டு கப்பன் பூங்காவிலிருந்து மெட்ரோ வண்டியில் வீடு திரும்பிக்கொண்டிருந்தேன். வண்டி நிலத்துக்கு அடியில் விரைந்துகொண்டிருந்தது. அடுத்து வரும் நிலையத்தின் பெயரை ஒலிபெருக்கி கன்னடத்திலும் ஆங்கிலத்திலும் அறிவித்தது: "நாடப்பிரபு கெம்பேகௌடா நிலையம், மெஜஸ்டிக்." பெயரன் என் முகத்தை நோக்கினான். "தாத்தா, கெம்பேகௌடா இந்த ஊரைக் கட்டியவர் என்று பள்ளிக்கூடத்தில் படித்திருக்கிறேன். மெஜஸ்டிக் என்பவர் எந்த அரசர்?" என்று வினவினான்.

அருகில் நின்றிருந்த இருவர் நகைத்தனர், நானும் நகைத்தேன். ஆயினும் அக்கேள்வி நகைத்து ஒதுக்கத்தக்கதன்று என்பது சற்று நேரத்தில் எனக்கு விளங்கிற்று. மெஜஸ்டிக் அரசரும் அல்லர், அமைச்சரும் அல்லர். அஃது ஒரு படக்கொட்டகையின் பெயர். அக்கொட்டகை இன்று இல்லை. ஆனால் அதன் பெயர் ஊரின் நடுப்பகுதிக்குப் பெயராகி, பேருந்து நிலையத்துக்குப் பெயராகி, இன்று நிலத்துக்கு அடியிலும் இறங்கி நிலைத்துவிட்டது. ஒரு பேரரசரின் பெயரைக்கூட மக்கள் இவ்வாறு தாமாகச் சுமந்து திரிவதில்லை. நகரை நிறுவிய தலைவரின் பெயருக்குப் பக்கத்திலே ஒரு படக்கொட்டகையின் பெயரும் ஒலிக்கிறதென்றால், அதற்கு ஏதோ ஒரு காரணம் இருத்தல் வேண்டுமன்றோ?

அக்காரணத்தைத் தேடிச் சென்றபோது, நிலத்தடி இரயிலும் திரைப்படமும் ஒரே காலத்தில் ஒரே ஆற்றலை உண்டு வளர்ந்த உடன்பிறப்புகள் என்பதை அறிந்தேன். அவற்றின் வரலாற்றில் நம் பெங்களூருக்கும், பிழைப்புத் தேடி இங்கு வந்த நம்மவர்க்கும் ஓரிடம் உண்டு என்பதையும் கண்டேன். அதனையே இங்கு அன்பர்களுடன் பகிர்ந்துகொள்ள விழைகிறேன்.

பாதாளத்தில் ஓடிய வண்டி

உலகின் முதல் நிலத்தடி இரயில் இலண்டன் மாநகரில் 1863-ஆம் ஆண்டு ஜனவரி 10-ஆம் நாள் மக்களுக்காக ஓடத் தொடங்கிற்று. பாடிங்டன் முதல் பாரிங்டன் வரை, ஏறத்தாழ 6 கிலோமீட்டர் தொலைவு. அக்காலத்தில் மின்விசை வண்டி ஏது? நிலத்தின் அடியிலும் கரி எரிக்கும் நீராவி எஞ்சினே வண்டியை இழுத்தது. வண்டிப் பெட்டிகளில் எரிவாயு விளக்குகள் மினுக்கின. புகை கண்ணைக் கரித்தது, மூச்சை அடைத்தது. இருந்தும் முதல் நாளிலேயே ஏறத்தாழ 38,000 பேர் அதில் ஏறிச் சென்றனர் என்பர். மேலே தெருவில் குதிரை வண்டிகள் நெருக்கியடித்து நின்ற நகரத்தில், வேலைக்கு நேரத்தோடு செல்ல விரும்பிய எளிய மக்களுக்குப் புகை ஒரு பொருட்டாகத் தோன்றவில்லை.

இதற்கு அடுத்த ஆண்டில்தான், 1864 ஆகஸ்டு முதல் நாள், ஜோலார்பேட்டையிலிருந்து பெங்களூர்த் தண்டுப் பகுதிக்கு இருப்புப்பாதை திறக்கப்பட்டது. நம் முன்னோரில் எத்தனை பேர் அப்பாதையின் வழியே துணிமூட்டையும் செம்புமாக இவ்வூரில் வந்து இறங்கினர் என்பதைக் கணக்கிட்டுச் சொல்ல இயலாது. இலண்டனில் வண்டி பூமிக்குள் புகுந்த காலமும், பெங்களூருக்கு வண்டியே முதன்முதலாக வந்து சேர்ந்த காலமும் ஏறக்குறைய ஒன்று என்பதை மட்டும் இங்கு நினைவிற் கொள்வோம்.

நிலத்தடி வண்டிக்கு உண்மையான வாழ்வு மின்சாரத்தால் வந்தது. 1890-இல் இலண்டனில் ஆழ்ந்த குழாய்போன்ற சுரங்கத்தினுள்ளே மின்விசை வண்டி ஓடிற்று. அவ்வண்டியின் பெட்டிகளுக்குச் சன்னல்கள் இல்லையென்றே சொல்லலாம். மேலே ஒடுங்கிய கீற்றுகள் மட்டும் இருந்தன. சுரங்கத்தில் பார்ப்பதற்கு என்ன இருக்கிறது என்று கட்டியவர்கள் எண்ணினர் போலும்! ஒவ்வொரு நிலையம் வரும்போதும் பணியாள் பெயரைக் கூவி அறிவித்தால்தான் இறங்குமிடம் தெரியும். ஆனால் மக்கள் அதனை விரும்பவில்லை. இருளே ஆயினும் வெளியே நோக்குதற்குக் கண் ஏங்கிற்று. பின்னர் வந்த பெட்டிகளில் சன்னல்கள் வைக்கப்பட்டன. மனிதனின் கண்ணுக்கு ஓடும் காட்சியின்மீது உள்ள தீராத பசியை இச்சிறு நிகழ்ச்சி காட்டுகிறது. அப்பசிக்கு உணவளிக்க வேறொரு புதுமை அதற்குள் பிறந்துகொண்டிருந்தது.

நிலவறையில் எழுந்த ஒளி

1895-ஆம் ஆண்டு டிசம்பர் 28-ஆம் நாள், பாரிஸ் நகரில் ஓர் உணவு விடுதியின் நிலவறையில் லூமியேர் உடன்பிறந்தார் இருவர் கட்டணம் பெற்றுப் பொதுமக்களுக்குச் சலனப்படம் காட்டினர். கட்டணம் ஒரு பிராங்கு. முதற் காட்சிக்கு வந்தோர் 33 பேர். அந்நிலவறைக்கு 'இந்திய அறை' என்று பெயர் சூட்டப்பட்டிருந்தது என்பதைப் படிக்கும்போது நமக்கு வியப்பும் மகிழ்ச்சியும் ஒருங்கே தோன்றுகின்றன. திரைப்படமும் தெருவின் மட்டத்துக்குக் கீழே, படியிறங்கிச் செல்லும் ஓர் அறையிலேதான் முதன்முதல் மக்களைச் சந்தித்தது!

அவர்கள் எடுத்த படங்களுள் பெரும்புகழ் பெற்றது, ஒரு சிற்றூர் நிலையத்தினுள் இரயில் வந்து நிற்கும் காட்சி. எஞ்சின் திரையில் பெரிதாகிக்கொண்டே வந்தபோது பார்த்தோர் அஞ்சி எழுந்து ஓடினர் என்று ஒரு கதை நெடுங்காலமாக வழங்கி வருகிறது. அதற்கு உறுதியான சான்று இல்லை என்று ஆராய்ச்சியாளர் கூறுவர். ஓடினார்களோ இல்லையோ, திரையின் முதல் கதாநாயகன் இரயில்வண்டியே என்பதில் ஐயமில்லை. 1896 ஜூலை 7-ஆம் நாள் பம்பாயில் வாட்சன் விடுதியில் இந்திய மண்ணின் முதல் சலனப்படக் காட்சி நடைபெற்றபோது, காட்டப்பட்டவற்றுள் அந்த இரயிலின் வருகையும் ஒன்று. அதே 1896-இல்தான் புடாபெஸ்டு நகரில் மின்விசையால் ஓடும் நிலத்தடி இரயில் தொடங்கப்பெற்றது. 1900-இல் பாரிஸ் நகரம் உலகப் பொருட்காட்சி நடத்தியபோது, அதே கோடையில் அந்நகரின் நிலத்தடி இரயிலும் திறக்கப்பட்டது. பொருட்காட்சியின் பேரரங்கில் லூமியேர் உடன்பிறந்தார் மாபெரும் திரை கட்டிப் படமும் காட்டினர். பார்க்க வந்த மக்கள் நிலத்தடியில் வந்து, இருளில் அமர்ந்து, ஒளியைக் கண்டு, மீண்டும் நிலத்தடியிலேயே திரும்பினர்.

சுரங்கம் கற்பித்த பாடம்

திரைப்படத்துக்கு இரயில் வெறும் காட்சிப் பொருளாக மட்டும் இருக்கவில்லை, ஆசானாகவும் இருந்தது. தொடக்க காலத்துப் படங்கள் ஒரே காட்சியாக இருந்தன. கருவியை ஓரிடத்தில் நிறுத்தி, சுருள் தீரும்வரை எடுப்பார்கள், அவ்வளவே. ஒரு காட்சியை வெட்டி இன்னொரு காட்சியுடன் ஒட்டலாம் என்னும் எண்ணம் எவ்வாறு வந்தது? அதற்கு ஒரு சுரங்கம் உதவிற்று.

எஞ்சினின் முகப்பிலே படக்கருவியைக் கட்டி, வண்டி ஓட ஓட எதிரே விரியும் பாதையை எடுக்கும் வழக்கம் அக்காலத்தில் தோன்றியிருந்தது. 1899-இல் ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித் என்னும் ஆங்கிலேயர் ஒரு சிறு படம் எடுத்தார். இரயில் பெட்டிக்குள் அமர்ந்திருக்கும் ஆணும் பெண்ணும், சுரங்கத்தின் இருளில் ஒருவரும் காணார் என்னும் துணிவில் முத்தமிட்டுக்கொள்வது அதன் பொருள். வண்டி சுரங்கத்துள் நுழையும் காட்சி, பிறகு பெட்டியின் உட்காட்சி, பிறகு வண்டி மறுபுறம் வெளிவரும் காட்சி என்று மூன்றையும் ஒன்றாக இணைத்துக் காட்டினர். இருள் வந்தது; இடம் மாறிற்று; ஒளி வந்தது; கதை தொடர்ந்தது. இன்று மூன்று மணி நேரப் படத்தில் ஆயிரக்கணக்கான காட்சிகளை ஒட்டிக் கோத்து வைக்கின்றார்களே, அக்கலையின் அரிச்சுவடிப் பாடங்களுள் ஒன்று ஓர் இரயில் சுரங்கத்திலே கற்கப்பட்டதாகும்.

அமெரிக்காவில் கான்சாஸ் நகரத்தில் தீயணைப்புப் படைத் தலைவராக இருந்த ஜார்ஜ் ஹேல் என்பவர் இதனை இன்னும் ஒரு படி மேலே கொண்டு சென்றார். 1905-இல் அவர் திறந்த படக்கொட்டகை, இரயில் பெட்டியைப் போலவே கட்டப்பட்டிருந்தது. சீருடை அணிந்தவர் சீட்டைச் சரிபார்ப்பார். உள்ளே அமர்ந்ததும் பெட்டி குலுங்கும். சக்கரத்தின் ஓசை கேட்கும். எதிரே திரையில் ஓடும் வண்டியின் முன்புறக் காட்சி விரியும். ஓர் அடியும் நகராமலே மலையும் கணவாயும் கடந்து வந்த மகிழ்ச்சியோடு மக்கள் இறங்கிச் சென்றனர்.

1905 என்னும் ஆண்டு

1904 அக்டோபரில் நியூயார்க்கு நகரின் நிலத்தடி இரயில் திறக்கப்பட்டது. ஏழு திங்கள் கழித்து, 1905 மே மாதத்தில், பில்லி பிட்சர் என்னும் ஒளிப்பதிவாளர் ஓர் அரிய செயல் செய்தார். சுரங்கத்தில் ஓடும் வண்டியின் முகப்பில் படக்கருவியை அமைத்து, அதற்கு முன்னே வேறொரு வண்டியை ஓடவிட்டார். ஆனால் சுரங்கத்தில் வெளிச்சம் போதாதே! அக்காலத்துப் படச்சுருளுக்கு மிகுந்த ஒளி வேண்டும். ஆகவே பக்கத்து இருப்புப்பாதையில் விளக்குகளை ஏற்றிய தனி வண்டி ஒன்று உடன் ஓடிற்று. பதினான்காவது தெருவிலிருந்து நாற்பத்திரண்டாவது தெருவரை ஓடிய அப்படம் இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. தூண்கள் ஒன்றன்பின் ஒன்றாகப் பின்னே நழுவுகின்றன, முன்னே செல்லும் வண்டி வளைவில் மறைகிறது, மீண்டும் தோன்றுகிறது. இறுதியில் நிலையத்தின் ஒளியில் தொப்பி அணிந்த ஆண்களும் நெடும்பாவாடை அணிந்த பெண்களும் இறங்கி நடக்கின்றனர். அவர்களுள் ஒருவர்கூட இன்று உயிரோடு இலர். ஆனால் அவர்கள் நடந்துகொண்டே இருக்கின்றனர். இந்தப் பிட்சர்தான் பின்னாளில் டி. டபிள்யூ. கிரிபித்தின் ஒளிப்பதிவாளராகப் பெரும்புகழ் எய்தினார்.

இனி அதே 1905-இல் நம் நாட்டில் நிகழ்ந்தவற்றைப் பார்ப்போம். சிவசமுத்திரத்தில் காவிரி நீரின் வீழ்ச்சியிலிருந்து எடுக்கப்பட்ட மின்சாரம், அந்த ஆண்டு ஆகஸ்டில் பெங்களூரின் தெருக்களில் ஒளிர்ந்தது. அம்மின்சாரம் அதற்கு மூன்றாண்டு முன்னரே, 1902-இல், நூற்று நாற்பது கிலோமீட்டருக்கும் மேற்பட்ட தொலைவு கம்பி வழியே ஓடிக் கோலார் தங்கவயலுக்குச் சென்றிருந்தது. தங்கவயலின் சுரங்கங்களில் உழைத்தோரில் மிகப் பலர் தமிழ்நாட்டிலிருந்து குடிபெயர்ந்து வந்தவர்கள். சுரங்கம் பிற்காலத்தில் 3 கிலோமீட்டருக்கும் மேல் ஆழம் சென்று, 2001-இல் மூடப்பட்டது. பூமிக்கடியில் தண்டவாளத்தின்மீது கனிமத் தொட்டிகளைத் தள்ளிய அவர்களுக்கு, நிலத்தடிப் பாதை என்பது இலண்டனிலும் பாரிசிலும் மட்டும் உள்ள அதிசயமாகத் தோன்றியிருக்க முடியாது. ஆனால் அவர்களுடைய பாதையில் பயணச்சீட்டு இல்லை, பொழுதுபோக்கும் இல்லை. பெங்களூரின் தெருவிளக்கு எரிவதற்கு முன் அவர்களுடைய சுரங்கத்துக்கே மின்சாரம் சென்றது என்னும் உண்மையை நாம் மறத்தல் ஆகாது.

அதே 1905-இல் திருச்சிராப்பள்ளியில், தென்னிந்திய இரயில்வேயின் அலுவலகத்தில் வரைவாளராகப் பணியாற்றிய சாமிக்கண்ணு வின்சென்ட் என்னும் இளைஞர், டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரர் கொண்டுவந்திருந்த படக்கருவியையும் படச்சுருள்களையும் விலைகொடுத்து வாங்கினார். இரயில்வேயில் மாதச் சம்பளம் வாங்கிக்கொண்டிருந்தவர் அவ்வேலையை உதறிவிட்டுக் கருவியோடு ஊர் ஊராகப் புறப்பட்டார். கூடாரம் அடிப்பது, படம் காட்டுவது, கூடாரத்தைச் சுருட்டி இரயிலில் ஏற்றுவது, அடுத்த ஊரில் இறங்குவது என்பதே அவர் வாழ்க்கை ஆயிற்று. தென்னாட்டில் மட்டுமன்றி வடநாட்டிலும், இலங்கை, பர்மா போன்ற நாடுகளிலும் அவர் படம் காட்டினார். இருப்புப்பாதை எங்கெல்லாம் சென்றதோ அங்கெல்லாம் சலனப்படமும் சென்றது. இறுதியில் 1914-இல் கோயம்புத்தூரில் 'வெரைட்டி ஹால்' என்னும் நிலையான அரங்கைக் கட்டினார். அந்த அரங்கு இருந்த தெரு இன்றும் வெரைட்டி ஹால் சாலை என்றே வழங்குகிறது. இதனைப் படித்தபோது என் பெயரனின் கேள்வி மீண்டும் என் செவியில் ஒலித்தது. கோவையில் ஒரு சாலை. பெங்களூரில் ஒரு பேட்டையும் ஒரு நிலையமும். கட்டடத்தின் ஆயுளைவிடப் பெயரின் ஆயுள் நீண்டது.

பெங்களூரின் இருட்டறை

இனி, நம்மில் பலரும் அறியாத ஒரு செய்தி. தென்னிந்தியாவில் முதன்முதலாகக் கதைப்படம் எடுத்தவர் சென்னையைச் சேர்ந்த ஆர். நடராஜ முதலியார். மோட்டார் உதிரிப் பொருள்களின் வணிகத்தில் இருந்த அவர், பூனாவில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்னும் ஆங்கில ஒளிப்பதிவாளரிடம் தொழில் கற்று, 1910-களின் பிற்பகுதியில் 'கீசக வதம்' என்னும் ஊமைப்படத்தை எடுத்தார். படப்பிடிப்பு சென்னைப் புரசைவாக்கத்தில் நடந்தது. ஆனால் எடுத்த சுருளைக் கழுவிப் பதப்படுத்துவது எங்கே? அங்குதான் இடர்ப்பாடு தோன்றிற்று.

படச்சுருளின்மீது பூசப்பட்டிருப்பது ஊன்பசையாலான மெல்லிய படலம். வெள்ளியின் உப்பு அதில்தான் தங்கியிருக்கும். கழுவும் நீர் சூடேறினால் அப்படலம் இளகும்; உருவம் குலையும்; சில வேளை படலமே உரிந்து போகும். குளிரூட்டும் பொறிகள் பரவாத அக்காலத்தில் சென்னையின் வெப்பம் படச்சுருளுக்குப் பகை ஆயிற்று. ஆகவே முதலியார் குளிர்ந்த பெங்களூரில் ஒரு பதப்படுத்தும் அறையை அமைத்தார். வார இறுதிகளில், படம் பிடித்த சுருள்களை எடுத்துக்கொண்டு பெங்களூருக்கு வருவார். இங்கு இருட்டறையில் அவை கழுவப்படும். முடிந்தபின் சென்னைக்குத் திரும்புவார்.

அன்பர்களே, இக்காட்சியைச் சற்று மனக்கண்ணால் பாருங்கள். ஒளி படாமல் மூடிய பெட்டி. அதனுள்ளே இன்னும் யாருடைய கண்ணும் காணாத திரௌபதியும் கீசகனும். அப்பெட்டி ஜோலார்பேட்டையைக் கடந்து மேட்டுநிலம் ஏறி வருகிறது. நம் பெற்றோரும் பாட்டன்மாரும் பிழைப்புத் தேடி வந்த அதே இருப்புப்பாதை. தென்னாட்டின் முதல் கதைப்படத்தின் உருவங்கள் முதன்முதலாகப் புலப்பட்ட இடம் சென்னை அன்று. பெங்களூரின் ஓர் இருட்டறை. தமிழர் திரைக்கலையின் தொட்டில் சென்னை என்பது உண்மையே. ஆனால் அத்தொட்டிலை ஆட்டிய கைகளுள் ஒன்று பெங்களூரின் குளிர்காற்று என்பதும் உண்மை.

பேசும் படம் வந்தபின்பும் இவ்வூர் பின்தங்கி நிற்கவில்லை. கன்னடத்தின் முதல் பேசும் படமான 'சதி சுலோசனா' 1934 மார்ச்சில் சிட்டி மார்க்கெட்டை அடுத்திருந்த பாரமௌண்ட் அரங்கில் திரையிடப்பட்டு, வாரக்கணக்கில் ஓடிற்று. தண்டுப் பகுதியில் சிவாஜி நகரின் எல்ஜின் அரங்கு பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் நாடகக் கொட்டகையாகத் தொடங்கி, பின்னர்ப் படக்கொட்டகை ஆனது. எம். ஜி. சாலையில் பிளாசா அரங்கு 1936-இல் எழுந்தது. கெம்பேகௌடா சாலையிலும் அதனைச் சுற்றியும் மெஜஸ்டிக், சாகர், அலங்கார், கல்பனா, ஹிமாலயா, கபாலி என்று கொட்டகைகள் நெருங்கி நின்றன. கன்னடம், தமிழ், தெலுங்கு, இந்தி ஆகிய மொழிகளின் படங்கள் ஒரே தெருவில் அடுத்தடுத்து ஓடின.

மெஜஸ்டிக்கில் இறங்கியவர்கள்

அவ்வளவு கொட்டகைகள் அங்கு மட்டும் ஏன் கூடின? விடை எளிது. எதிரே இரயில் நிலையம். அருகில், பழைய தர்மாம்புதி ஏரி இருந்த இடத்தில், பேருந்து நிலையம். வந்திறங்கும் மக்கள் எங்கே கூடுகிறார்களோ அங்கே கொட்டகையும் எழும். இலண்டனிலும் நியூயார்க்கிலும் பாரிசிலும் நடந்தது இதுவே. நிலத்தடி வண்டி நகரின் ஓரத்தில் வாழ்ந்த தொழிலாளியை நகரின் நடுவே கொண்டுவந்து சேர்த்தது. அங்கே சில காசுகளுக்குப் படக்கொட்டகை அவனை வரவேற்றது. இரண்டும் மலிவானவை. இரண்டிலும் முன்பின் அறியாதவர்கள் தோளோடு தோள் உரச அமர்ந்தனர். இரண்டிலும் ஒருவர் மற்றொருவரின் சாதியையோ ஊரையோ மொழியையோ வினவவில்லை. சீட்டு இருக்கிறதா என்று மட்டுமே வினவினர். நகரத்தில் அன்னியனாக இருப்பதன் அச்சத்தைப் போக்க இவ்விரண்டும் செய்த தொண்டு சிறிதன்று.

வேலூரிலிருந்தும் தருமபுரியிலிருந்தும் சேலத்திலிருந்தும் வந்த நம்மவர்க்கு மெஜஸ்டிக் எவ்வாறு இருந்தது என்பதை நான் என் தந்தையார் வாயிலாகக் கேட்டிருக்கிறேன். வந்த முதல் வாரம் அவருக்குக் கன்னடம் தெரியாது. தங்கும் அறையில் பேசுவார் இல்லை. ஞாயிற்றுக்கிழமை நண்பகலில் மெஜஸ்டிக் பக்கம் நடந்து சென்றவர், ஒரு கொட்டகையின் வாயிலில் தமிழ் எழுத்தில் சுவரொட்டி இருப்பதைக் கண்டு அப்படியே நின்றுவிட்டாராம். "படம் எது என்றுகூடப் பார்க்கவில்லை, எழுத்தைப் பார்த்தேன், உள்ளே போய்விட்டேன்" என்பார். உள்ளே அவருக்கு அருகில் அமர்ந்திருந்தவர் ஒரு கன்னடியர். தமிழ்ப் படத்தை விரும்பிப் பார்க்க வந்தவர். இடைவேளையில் அவர் வாங்கிக் கொடுத்த கடலையோடு தந்தையாரின் கன்னடப் பாடம் தொடங்கிற்று. பிற்காலத்தில் இவ்வூரில் மொழியின் பெயரால் மனக்கசப்பு எழுந்த நாள்களும் உண்டு. அந்நாள்களிலும் தந்தையார் அந்தக் கடலையைப் பற்றிச் சொல்லாமல் இருந்ததில்லை.

நிலைத்தவை, மறைந்தவை

பெங்களூரில் மெட்ரோ வண்டி 2011 அக்டோபர் 20-ஆம் நாள் எம். ஜி. சாலைக்கும் பையப்பனஹள்ளிக்கும் இடையே ஓடத் தொடங்கியது. 2016 ஏப்ரல் இறுதியில் கப்பன் பூங்கா முதல் நகர இரயில் நிலையம் வரை நிலத்தடிப் பகுதி திறக்கப்பட்டது. தென்னிந்தியாவில் மக்கள் பயணம் செய்த முதல் நிலத்தடி மெட்ரோ அதுவே. மறு ஆண்டு ஜூன் மாதத்தில் சிக்பேட்டை, கே. ஆர். மார்க்கெட் வழியாக வடக்கு தெற்குப் பாதையும் மெஜஸ்டிக்கில் வந்து இணைந்தது. சுரங்கம் குடைந்த பொறிகளுள் சிலவற்றுக்குக் காவேரி, கிருஷ்ணா, கோதாவரி என்று ஆறுகளின் பெயர்களைச் சூட்டியிருந்தனர். 1905-இல் காவிரி இவ்வூருக்கு விளக்கேற்றினாள். நூறாண்டுக்குப் பின் அவள் பெயர் தாங்கிய பொறி பாறையைக் குடைந்து வழி அமைத்தது.

அதே ஆண்டுகளில் கொட்டகைகள் ஒவ்வொன்றாக மறைந்தன. பிளாசா அரங்கு இருந்த இடத்தை எம். ஜி. சாலை மெட்ரோ நிலையம் எடுத்துக்கொண்டது. பெருந்திரைக்குப் பெயர்பெற்ற கபாலி 2017-இல் மூடப்பட்டு இடிக்கப்பட்டது. அண்ணன் வளர, தம்பி தேய்ந்தான் என்று சொல்லத் தோன்றுகிறது. ஆயினும் மெட்ரோவின்மீது பழி சுமத்துதல் பொருந்தாது. தொலைக்காட்சியும் கைப்பேசியும் மக்களை வீட்டுக்குள் அமர்த்திவிட்டன. நிலத்தின் விலை வானளாவ ஏறிவிட்டது. பெரிய கொட்டகையின் ஆயிரம் இருக்கைகள் வெறுமையாயின. மேலும், நிலத்தடி வண்டியில் இன்று அருகில் அமர்ந்திருப்பவரைப் பாருங்கள்: பத்தில் எட்டுப் பேர் கையகலத் திரையில் படம் பார்த்துக்கொண்டிருக்கின்றனர். இரட்டையர் பிரியவில்லை, ஒருவன் மற்றொருவனுடைய சட்டைப்பையில் புகுந்துகொண்டான்! ஆனால் முன்பு ஆயிரம் பேர் ஒரு திரையைப் பார்த்துச் சேர்ந்து சிரித்தனர். இன்று ஆயிரம் பேர் ஆயிரம் திரைகளைப் பார்த்துத் தனித்தனியே சிரிக்கின்றனர். அருகில் இருப்பவருக்குக் கடலை நீட்டும் வழக்கம் அதனால் மறைகிறது. நாம் இழந்தது கட்டடத்தை அன்று, அதனையே.

நம் மக்கள் நெருங்கி வாழும் தண்டுப் பகுதியின் அடியிலும் இப்போது பாதை அமைந்துள்ளது. சிவாஜி நகர், கண்டோன்மெண்ட், பாட்டரி டவுன், டேனரி ரோடு என்று செல்லும் அப்பாதைக்குச் சுரங்கம் குடையும் வேலை 2024-இல் முடிந்தது. 1864-இல் முதல் வண்டி வந்து நின்ற இடத்துக்கு அருகிலே, நிலத்தின் அடியில் ஒரு நிலையம்! அந்நிலையங்களின் மேலே உள்ள தெருக்களில் எத்தனை கூடாரக் கொட்டகைகள் இருந்தன, எவற்றில் எந்தத் தமிழ்ப் படம் எத்தனை வாரம் ஓடிற்று, யார் யாருக்குப் பக்கத்தில் அமர்ந்தனர் என்பவற்றை எந்த நூலும் முழுமையாகப் பதிந்து வைக்கவில்லை. அவை நம் முதியோர் நெஞ்சில் மட்டுமே உள்ளன. அவர்கள் எண்பதையும் தொண்ணூறையும் தாண்டிவிட்டனர்.

ஆகவே அன்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த விடுமுறையில் உங்கள் வீட்டுச் சிறுவரை மெட்ரோவில் மெஜஸ்டிக்குக்கு அழைத்துச் செல்லுங்கள். வீட்டில் பெரியவர் இருந்தால் அவரையும் உடன் அழைத்துச் செல்லுங்கள். நிலையத்தில் மின்தூக்கி உண்டு, படி ஏற வேண்டியதில்லை. மேலே வந்ததும், எந்தக் கொட்டகை எங்கே இருந்தது என்று அவரையே காட்டச் சொல்லுங்கள். அவர் சொல்வதை ஒரு தாளில் எழுதி, ஆண்டும் இடமும் குறித்து, நம் இதழுக்கு அனுப்புங்கள். 'நாம் இந்நகருக்கு நேற்று வந்த விருந்தாளிகள்' என்று நம் பிள்ளைகள் எண்ணி வளர வேண்டியதில்லை. இந்நகரின் தண்டவாளத்திலும் இருட்டறையிலும் திரையிலும் நம்மவர் உழைப்பும் உவகையும் கலந்துள்ளன. கன்னட மக்கள் இடம் கொடுத்தார்கள். நாம் உடன் அமர்ந்தோம்.

அன்று பெயரனுக்கு நான் சொன்ன விடை இதுதான்: "மெஜஸ்டிக் அரசர் இல்லை, கண்ணா. உன் கொள்ளுத்தாத்தா இந்த ஊரில் முதன்முதல் சிரித்த இடம்." அவன் சிறிது நேரம் எண்ணிப் பார்த்துவிட்டு, "அப்படியானால் அந்த இடத்தைக் காட்டுங்கள்" என்றான். நாங்கள் இறங்க வேண்டிய நிலையம் அதுவன்று. ஆயினும் இறங்கினோம்.